கோமாரியில் இறங்கியவர்

கல்முனை
10.07.2025

மச்சான் றஸாக்குக்கு, அஸ்ஸலாமு அலைக்கும்.

இந்தக் கடிதத்தைப் பொத்துவில் பஸ் கொண்டக்டர் கனகரெத்தினத்திடம் கொடுத்து அனுப்புகிறேன். கோமாரிச் சந்தியில் தேத்தண்ணிக் கடை வைத்திருக்கும் கேதீஸ்வரி அக்காவின் போனுக்கு நேற்று எடுத்தேன். "அவர் போன்ல கதைக்கமாட்டாராம். நீங்க ஒரு வசனத்தையும் முடிக்க விடமாட்டீங்களாம். எழுதி அனுப்பட்டாம்" என்றார். எழுதுகிறேன். என் போன் ஒரு பக்கம், நீ வேனில் விட்டுப்போன உன் போன் மறுபக்கம், நடுவில் கடதாசி. இந்த மாவட்டத்தில் இந்த நிலைக்கு வந்த தர்க்கம் படிப்பிக்கும் அளவையியல் ரியூஷன் ஆசிரியர் நான் ஒருவன்தான்.

முதலில் நடந்ததை ஒழுங்காக வைப்போம். நான் உன்னைக் கோமாரியில் கைவிட்டு ஓடவில்லை. "பாதை போகிறது" என் முதல் குறும்படம். கறுப்புக் கோட்டுப் போட்ட ஒரு மனிதன் சிவப்புப் பிளாஸ்டிக் கதிரை ஒன்றுடன் கல்முனையிலிருந்து தெற்கே போகிறான். ஒவ்வோர் ஊரிலும் இறங்கி, தெருவோரம் கதிரையைப் போட்டு, வாய் திறக்காமல் உட்கார்ந்து பார்க்கிறான். போவது மனிதனா, பாதையா என்பது கேள்வி. காரைதீவில் நன்றாக வந்தது. அக்கரைப்பற்றில் ஒருவர் கதிரைக்கு விலை கேட்டதைத் தவிர அங்கேயும் குறை இல்லை. கோமாரியில் வேன் அவனை விட்டுவிட்டுப் போக வேண்டும். உன் முகத்தில் அது உண்மையாக வர வேண்டும் என்றுதான் உனக்குச் சொல்லாமல் வேனை எடுத்தேன். கொஞ்ச தூரம் போய்த் திரும்புவது திட்டம். திரும்பியபோது நடுவீதியில் யானை. தனி யானை அல்ல, குடும்பம். கமெரா பிடித்த தக்சாயினி சாட்சி. பின்னால் வந்த லொறிக்காரர், "இதுகள் இப்ப விலகாது தம்பி, நீங்க பொத்துவிலுக்குப் போய்ப் படுங்க" என்றார். போனோம். விடிந்ததும் வந்தோம்.

வந்து பார்த்தால் நீ கடை வாங்குப் பலகையில் இருந்து பிட்டுச் சாப்பிட்டுக்கொண்டிருக்கிறாய். "ஏறு" என்றேன். "இல்ல" என்றாய். உன் ராத்தாவை நிக்காஹ் செய்து உங்கள் வீட்டுக்கு வந்த நாளிலிருந்து நீ அந்தச் சொல்லைச் சொல்லி நான் கேட்டதில்லை. அதனால்தான் அன்று எனக்குப் பதில் வரவில்லை. வாதத்தில் தோற்றதாக எடுத்துக்கொள்ளாதே.

இப்போது என் நிலையைக் கேள். நான் இருப்பது உன் ராத்தாவின் வீட்டில். மதிலுக்கு அந்தப் பக்கம் உன் உம்மா. றுஸ்னா என்னோடு பிள்ளைகள் வழியாகத்தான் கதைக்கிறாள். "உங்கட வாப்பாட்ட கேளுங்க, என்ட தம்பிய யானைக்குக் குடுத்துப்போட்டு வந்தவருக்குத் தேத்தண்ணி வேணுமா எண்டு." மாமி தரும் மீன் கறியில் எனக்கு வால் மட்டும் வருகிறது. ஒரு மீனுக்கு ஒரு வால்தான் என்று இதுவரை நம்பியிருந்தேன்.

கட்டாரில் இருக்கும் உன் மாமா எடுத்துத் தந்த வேலைக்கு ஓகஸ்ட் கடைசியில் நீ விமானம் ஏற வேண்டும். யாழ்ப்பாணக் குறும்பட விழாவுக்கு இந்த மாதக் கடைசிக்குள் என் படம் போக வேண்டும். மிச்சம் இருப்பது கடைசிக் காட்சி. வா, கதிரையில் இரு, எழும்பு, நட. மற்றதை நான் பார்த்துக்கொள்கிறேன்.

உன் மச்சான்
ஸாஜித்


கோமாரி
12.07.2025

மச்சானுக்கு, வஅலைக்குமுஸ்ஸலாம்.

கடிதம் கிடைத்தது. உறையை ஒட்ட மறந்துவிட்டீர்களாம். தான் வாசிக்கவில்லை என்று கனகரெத்தினம் அண்ணன் சொன்னார். பிறகு, "வால் துண்டும் ருசிதான் எண்டு எழுது" என்றும் சொன்னார். எழுதிவிட்டேன்.

வேன் போனபோது நான் பயப்படவில்லை. நீங்கள் எங்கோ தூரத்தில் ஒளிந்திருந்து படம் எடுக்கிறீர்கள் என்று நினைத்தேன். காலையிலிருந்து "கதைக்காத, சிரிக்காத, எழும்பாத" என்றுதானே சொல்லிக்கொண்டு வந்தீர்கள். இருந்தேன். கோட்டுக்குள் வேர்வை வாய்க்காலாக ஓடியது.

முதலில் வந்தவர் குணம் அண்ணன். கேதீஸ்வரி அக்காவின் புருஷன், கடலுக்குப் போகிறவர். என்னையும் கதிரையையும் ஒரு சுற்றுச் சுற்றிப் பார்த்தார். "ஐயா, நடமாடும் சேவையோ?" என்று கேட்டார். கதைக்கக் கூடாது. கேட்டதற்குப் பதில் சொல்லாமல் இருக்கவும் எனக்கு வராது. தலை தானாக ஆடிவிட்டது. அவர் உடனே ஊருக்குள் திரும்பி, "ஒபிசர் வந்திரிக்கார், கடதாசி இரிக்கிற ஆக்கள் எடுத்துக்கொண்டு வாங்க" என்று சத்தம் வைத்தார்.

மச்சான், நீங்கள் எத்தனையோ தரம் வகுப்பெடுத்திருக்கிறீர்கள். அப்படி ஒரு வரிசை உங்கள் வாசலில் நின்றிருக்காது. பிறப்புச் சான்றிதழில் பெயர் பிழையாக விழுந்தவர் வந்தார். தோணி எஞ்சின் பழுதான இருவர் வந்தார்கள். வேலப்போடி என்று ஒரு பெரியவர், தன் மருமகன் விடும் குறட்டைக்கு அரசாங்கம் ஏதும் செய்யுமா என்று கேட்டார். நான் எல்லோருக்கும் தலையாட்டினேன். உங்கள் படம் கெட்டுவிடக் கூடாது என்பது ஒன்றுதான் என் எண்ணம்.

பிறகு கேதீஸ்வரி அக்கா வந்தார். கடைக்கு அங்கால் பாதை வளைகிற இடம் கும்மிருட்டு. போன மாதம் இராசாத்தி என்ற அக்கா தோட்டத்தில் தேங்காய் உரித்துவிட்டுப் பொழுதுபட்ட மைம்மலுக்குள் வரும்போது, யானை நின்றது தெரியாமல் அதற்குக் கிட்டவே போய்விட்டார். திரும்பி ஓடி விழுந்து கை முறிந்தது. "அதில ஒரு லைட்டுப் போட்டுத் தாங்க ஐயா" என்றார். ஆட்டினேன். அவர் போகவில்லை. என் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றார். "இவ்வளவு நாளும் வந்த ஆக்கள் எல்லாம் 'பாப்பம்' எண்டுதான் சொன்ன. நீங்கதான் ஓம் எண்டு தலையாட்டின" என்று சொல்லிவிட்டுப் போய், எனக்குப் பச்சைத் தண்ணீரில் தேசிக்காய் பிழிந்து கொண்டுவந்தார்.

பொழுது பட்டது. நீங்கள் வரவில்லை. அவர்கள் வீட்டில்தான் சாப்பிட்டேன். நான் முஸ்லிம் என்று தெரிந்ததும் அக்கா புதுச் சட்டி ஒன்று எடுத்து எனக்கு மீனும் முட்டையும் வேறாகச் சமைத்தார். குணம் அண்ணனின் வலைக் கொட்டிலில் படுத்தேன். காலையில் நீங்கள் வந்து "ஏறு" என்கிறீர்கள். அதே நேரம் கையில் கட்டோடு இராசாத்தி அக்கா, வளைவைக் காட்டுவதற்கு என்னைக் கூட்டிப்போக வந்து நிற்கிறார். எப்படி ஏறுவது?

எனக்கு ஒரு உதவி வேண்டும். சூரிய ஒளியில் எரிகிற தெரு லைட் ஒன்று எப்படியாவது அனுப்புங்கள். பொருத்துகிற வேலையை நான் செய்வேன். நான் லைட்டுக் கடையில் நிற்கிறவன் என்பதை நீங்கள் மறந்திருக்கலாம்.

போனை அனுப்ப வேண்டாம். உம்மாவும் ராத்தாவும் மாறி மாறி எடுப்பார்கள். நான் சுகம் என்று கேதீஸ்வரி அக்காவின் போனில் சொல்லிவிட்டேன்.

றஸாக்


கல்முனை
15.07.2025

றஸாக்,

உறையை இந்த முறை இரண்டு தரம் ஒட்டியிருக்கிறேன். கனகரெத்தினத்துக்கு என் சலாம்.

நீ ஒரு குழப்பத்தில் இருக்கிறாய். தெளிவாக்குவது என் தொழில். நாடகத்தில் ஒருவன் கத்தியால் குத்தினால் அது கொலை ஆகாது. படத்தில் ஒருவன் தலையாட்டினால் அது வாக்கு ஆகாது. நீ தலையாட்டியது படத்துக்காக. ஆகவே நீ ஒருவருக்கும் வாக்குக் கொடுக்கவில்லை. ஆகவே பஸ் ஏறலாம். இதில் எந்த இடத்தில் ஓட்டை இருக்கிறது என்று காட்டு, நான் ஒத்துக்கொள்கிறேன்.

நீ இல்லாமல் முடிக்கவும் பார்த்தேன். சவளக்கடை வயல் பாதையில் வேறொரு கதிரையைப் போட்டு நானே உட்கார்ந்தேன். தக்சாயினி ஒவ்வொரு தரமும் கமெராவை நிறுத்தினாள். "சேர், உங்கட வாய் அசையுது." நான் ஒன்றும் சொல்லவில்லை என்றேன். "இல்ல சேர், உள்ளுக்குள்ள கதைக்கிறீங்க, அது வெளியில தெரியுது." கடைசியில் உழவு மெஷினோடு வந்த ஒருவர், "சேர், பாடம் முடிஞ்சா கொஞ்சம் விலகுங்க" என்றார். அவருடைய மகன் என்னிடம் படித்தவனாம்.

அப்போதுதான் விளங்கியது, எனக்கு உன் முகம்தான் வேண்டும். உன்னை ஏன் தெரிவு செய்தேன் தெரியுமா? உன் முகத்தில் ஒன்றும் இல்லை. சொந்தமாக ஒரு யோசனையும் ஓடாத முகம். பார்க்கிறவன் தான் நினைப்பதையெல்லாம் அதில் போட்டுக்கொள்ளலாம். வெறும் பானை மாதிரி. இதைக் குறையாகச் சொல்லவில்லை. படக்கலையில் இது பெரிய கொடை.

லைட் விசயத்தை உரிய இடத்துக்கு மனுவாக எழுதித் தருகிறேன். நல்ல மொழியில் எழுதித் தருகிறேன். நீ வெள்ளிக்கிழமைக்குள் வா.

ஸாஜித்


கோமாரி
18.07.2025

ஸாஜித் மச்சான்,

அன்புள்ள என்று தொடங்க மனம் வரவில்லை.

நீங்கள் கேட்ட ஓட்டை எனக்குத் தெரியாது. நான் அளவையியல் படித்தவன் இல்லை. ஆனால் தலையாட்டியவன் உங்கள் படத்தில் வருகிறவன் என்றால், புதுச் சட்டியில் சோறு தின்றவன் ஆர்? அவன் நான்தான். எனக்கு அவ்வளவுதான் யோசிக்க முடிந்தது. வெறும் பானைக்கு இதுவே கூட.

உங்கள் கடிதத்தை வாசித்துவிட்டு நேற்று ஒரு வேலை செய்தேன். கடையில் ஆட்கள் கூடியிருக்கும் நேரம் பார்த்து எழும்பி நின்று, "நான் ஒபிசர் இல்ல. கல்முனையில லைட்டுக் கடையில நிக்கிறவன். மச்சான்ட படத்துக்கு வேசம் போட்டு வந்த நான். நீங்க கேட்டதுக்கெல்லாம் தலையாட்டினது பிழ" என்று சொன்னேன். அடிப்பார்கள் என்றுகூட நினைத்தேன்.

குணம் அண்ணன் வெற்றிலையைத் துப்பிவிட்டு வந்தார். கேதீஸ்வரி அக்கா தேத்தண்ணி ஆற்றிக்கொண்டே, "அது எங்களுக்கு ரெண்டாம் நாளே தெரியும் மனே" என்றார். எப்படி என்று கேட்டேன். "எந்த ஒபிசர் ரெண்டாம் நாளும் நிண்டவர்?"

எல்லோரும் சிரித்தார்கள். வேலப்போடி ஐயா மட்டும் சிரிக்கவில்லை. அவர் அதுவரை நம்பியிருந்திருக்கிறார்.

நான் நேற்றுப் படுத்திருந்து கட்டாரையும் யோசித்துப் பார்த்தேன். மாமா என்னைக் கேட்காமல் அந்த வேலையை எடுத்தார் என்று கோபப்பட ஆசையாக இருந்தது. ஆனால் கேட்டவர். உம்மாவும் கேட்டவர். ராத்தாவும் கேட்டவர். நான் ஆட்டினேன். ஒருவர் மேலும் பிழை சொல்ல வழி இல்லாமல் போய்விட்டது.

கோட்டை கனகரெத்தினம் அண்ணனிடம் கொடுத்து அனுப்புகிறேன். கழுவவில்லை, இங்கே நன்னீர் குறைவு. கதிரை வராது. அதில் இப்போது இராசாத்தி அக்கா இருக்கிறார், அவரை எழுப்பச் சொல்லாதீர்கள்.

றஸாக்


கல்முனை
20.07.2025

அன்புள்ள றஸாக்,

கோட்டு வந்தது. றுஸ்னா அதைத் தோய்க்க எடுத்து, பைகளைத் தடவிப் பார்த்தாள். உள்பைக்குள் என் சின்ன றெக்கோடர். நீ மூச்சு விடும் சத்தமும் நடக்கும் சத்தமும் வேண்டும் என்று நான் காலையில் போட்டுவிட்டது. நான் மறந்தே போனேன். நீயும் அப்படி ஒன்று உனக்குள் ஓடிக்கொண்டிருப்பது தெரியாமல் இருந்திருக்கிறாய். பற்றரி சாகும்வரை அது எல்லாவற்றையும் எடுத்து வைத்திருக்கிறது.

குசினி மேசையில் வைத்துப் போட்டோம். முதலில் நானும் றுஸ்னாவும். குறட்டைப் பகுதி வரும்போது மாமியும் மதில் பக்கத்துக் கதவால் வந்துவிட்டார். எஞ்சின்காரர்கள், பெயர் பிழைத்தவர், கேதீஸ்வரி அக்கா, எல்லோரும் வந்து போகிறார்கள். உன் சத்தம் இல்லை. மூச்சு மட்டும் கேட்கிறது. லைட்டைக் கேட்ட இடத்தில் அந்த மூச்சு கொஞ்சம் நின்று பிறகு வருகிறது.

பிறகு ஆட்கள் போய்விடுகிறார்கள். கடல் சத்தம். தூரத்தில் ஆரோ தகரம் தட்டி யானை கலைக்கிறார்கள். அப்போது நீ கதைக்கிறாய்.

"யா அல்லாஹ், மச்சானுக்கும் அந்தப் புள்ளைக்கும் ஒண்டும் நடந்திரிக்கப்படாது. அவருக்கு வேனும் சரியா ஓடத் தெரியா. யானையக் கண்டா அதோடயும் வாதாடப் போவாரு. நீதான் அவர்ட வாயக் கட்டி, பத்திரமாக் கொண்டுவந்து சேர்க்கணும்."

றுஸ்னா சிரித்தாள். சிரித்துக்கொண்டே போய் முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டாள். மாமி ஆமீன் சொன்னார். நான் அந்த நேரம் பொத்துவில் விடுதியில் கடைசிக் காட்சியின் வெளிச்சத்தைப் பற்றித் தக்சாயினியோடு விவாதித்துக்கொண்டிருந்தேன்.

"போன கடிதத்தில தம்பிக்கு என்ன எழுதின?" என்று றுஸ்னா கேட்டாள். பிள்ளைகள் வழியாக அல்ல, நேராகவே. பானை என்று எழுதியதைச் சொன்னேன். அன்று வால் துண்டும் வரவில்லை.

நான் எழுதியது பிழை, றஸாக். முகத்தைப் பற்றிய என் கோட்பாடும் பிழை. இதற்குமேல் இதை விளக்கப் போனால் அதையும் கெடுத்துவிடுவேன்.

நாளை மறுநாள் வருகிறேன், லைட்டோடு. எங்கே எடுத்தேன் என்று கேட்காதே. வகுப்புக்கு வரும் பிள்ளைகள் என் வாசல் ஏன் இருட்டாக இருக்கிறது என்று கேட்கத் தொடங்கியிருக்கிறார்கள். நடிக்கச் சொல்ல வரவில்லை. அந்தக் குரல்களுக்கு உரிய ஆட்களிடம் ஒன்று கேட்க வேண்டும். அவர்கள் சம்மதித்தால், அந்தக் கதைகளைப் படத்தில் வைக்க ஆசை.

ஸாஜித்


கோமாரி
29.07.2025

அன்புள்ள மச்சானுக்கு,

நீங்கள் வந்து போனபின் இங்கே உங்களைப் பற்றிய கதை ஓயவில்லை. நான் கம்பியைப் பொருத்தும்போது ஏணியைப் பிடித்துக்கொண்டு நின்றீர்கள் அல்லவா, உங்களை என் உதவியாள் என்று பாதிப் பேர் நினைத்திருக்கிறார்கள். "உங்கட பொடியன் நல்ல கதைகாரன், வேல குறைவு" என்று வேலப்போடி ஐயா சொன்னார்.

லைட் எரிகிறது. பொழுது பட்டதும் பற்றிக்கொள்ளுகிறது. யானை நேற்றும் வந்தது. ஆனால் இராசாத்தி அக்கா தூரத்திலேயே கண்டு, நின்று, அது போகும்வரை கடையில் இருந்து தேத்தண்ணி குடித்துவிட்டுப் போனார். யானையால் கேதீஸ்வரி அக்காவுக்கு வியாபாரம்.

நீங்கள் அனுப்பிய பென் டிரைவ் வந்தது. கடை ரீவீயில் போட்டோம். சம்மதம் தந்த எல்லோரும் குடும்பத்தோடு வந்தார்கள். நாங்கள் போன பாதை வருகிறது, காரைதீவும் அக்கரைப்பற்றும் தம்பிலுவிலும் கண்ணாடிக்கு வெளியே ஓடுகிறது, மேலே இவர்களின் குரல். என் படம் கொஞ்சம்தான். அது எனக்குச் சந்தோசம். தன் குரல் வரும்போது ஒவ்வொருவரும் மற்றவர்களைப் பேசாமல் இருக்கச் சொன்னார்கள். குறட்டைக் கதை வந்தபோது அந்த மருமகன் தனஞ்சயன் பக்கத்திலேயே இருந்தான். ஐயா எழும்பி, "இது நான் இல்ல" என்றார். தனஞ்சயன், "இரிக்கட்டும் மாமா, நல்லாத்தான் கதைச்சிரிக்கீங்க" என்றான். அவனுக்கு அதில் ஒரு பெருமை மாதிரி இருந்தது.

ஒரு விசயம் சொல்ல வேண்டும். எழுதாமல் விட நினைத்தேன், முடியவில்லை. இவர்கள் கதைக்கும்போது இடைக்கிடை ஒரு குரல் வந்து, "பாதை என்பது இடமா, காலமா" என்று விளக்கம் சொல்கிறது. முதல் தரம் பொறுத்துக்கொண்டார்கள். பிறகு கேதீஸ்வரி அக்கா, "நாங்க கதைக்கிற நேரம் குறுக்கால வாற இந்த ஆள் ஆரு?" என்று கேட்டார். குணம் அண்ணன், "விளம்பரமாக்கும்" என்றார். அது நீங்கள் என்று நான் சொல்லவில்லை. பென் டிரைவ் கொண்டுவந்த கனகரெத்தினம் அண்ணன்தான் சொன்னார்.

மனதில் வைக்க வேண்டாம்.

றஸாக்


கல்முனை
31.07.2025

றஸாக்,

விளம்பரம்.

அந்த உரையை எழுத எனக்கு நாலு வருடம் போனது. பல்கலைக்கழகத்தில் தொடங்கியிருந்தால் பட்டமாவது கிடைத்திருக்கும். பிள்ளைகள் நித்திரையான பிறகு எழுதியது, வெட்டியது, திரும்ப எழுதியது. ஊரில் என்னைக் காணும்போதெல்லாம் "படம் எப்ப?" என்று சிரிக்கிறவர்களுக்கு அதைத்தான் பதிலாக வைத்திருந்தேன். அது இல்லாவிட்டால் இந்தப் படத்தில் நான் எங்கே இருக்கிறேன்? வேன் ஓட்டினேன், அதையும் பிழையாக.

இவ்வளவையும் நேற்று எழுதிவிட்டு உறையில் போட இருந்தேன். பிறகு றுஸ்னாவை இருத்தி முழுப் படத்தையும் போட்டுக் காட்டினேன். கோமாரி ஆட்கள் கதைக்கும்போது முன்னுக்குச் சரிந்து கேட்டாள். என் குரல் வந்ததும் போய்க் கறியைக் கிண்டிவிட்டு வந்தாள். ஒவ்வொரு தரமும். அவள் வேண்டுமென்று செய்யவில்லை, அதுதான் என்னைக் கொன்றது. எங்கே எழும்பலாம் என்று அவள் உடம்புக்குத் தெரிந்திருக்கிறது.

இன்று காலை தக்சாயினியிடம் போனேன். "என்ட குரல எடுத்துப்போட்டு ஒருக்காப் பாப்பம்" என்றேன். அவள் கணினியில் இன்னொரு பெட்டியைத் திறந்தாள். ஏற்கெனவே எடுத்து வைத்திருக்கிறாள். "நீங்க எப்ப கேப்பீங்க எண்டு இருந்த நான் சேர்."

பார்த்தோம். பாதை போகிறது, ஆட்கள் கதைக்கிறார்கள், ஒருவன் கேட்டுக்கொண்டிருக்கிறான். கடைசியில் உன் துஆ. முடிந்ததும் நான் ஒன்றும் சொல்லாமல் இருந்ததை அவள் போனில் நேரம் பார்த்து ஆச்சரியப்பட்டாள்.

அதையே யாழ்ப்பாணத்துக்கு அனுப்பிவிட்டோம்.

இன்னொன்று. மாமி கட்டார் சூட்கேசை அடுக்கத் தொடங்கிவிட்டார். மேலே கருவாடு, கீழே கருவாடு, நடுவில் உன் சேட்டு. உனக்குப் போக விருப்பமில்லை என்று எனக்குத் தெரியும். நான் வாய் திறந்தால் நாலு காரணத்தோடு உனக்காக வாதாடி வென்றுவிடுவேன். திறக்கமாட்டேன். அது நீ சொல்ல வேண்டியது.

ஸாஜித்


கல்முனை
24.08.2025

அன்புள்ள மச்சானுக்கு,

யாழ்ப்பாணத்தில் சுகமா? இதை யாழ்ப்பாண பஸ்ஸில் கொடுத்து அனுப்புகிறேன். விழாவும் பயிற்சிப் பட்டறையும் முடிந்து நீங்கள் வருவதற்குள் நான் போய்விடுவேன் என்பதால் எழுதுகிறேன். போனில் சொல்லலாம். எழுதிப் பழகிவிட்டது.

தக்சாயினி போன் எடுத்துச் சொன்னா. படம் முடிந்ததும் ஆட்கள் கை தட்டினார்களாம். ஒரு பேராசிரியர் எழும்பி, இதில் உள்ள தத்துவம் என்ன என்று கேட்டாராம். நீங்கள் மைக்கை வாங்கி, கொஞ்சம் யோசித்து, "எனக்கும் சரியா விளங்கல்ல" என்று சொல்லிவிட்டு இருந்துவிட்டீர்களாம். அதற்கும் கை தட்டினார்களாம். ராத்தாவிடம் சொன்னேன், நம்பவில்லை. தக்சாயினி வந்து சத்தியம் செய்தால்தான் நம்புவாவாம்.

இங்கே நடந்ததைச் சொல்கிறேன். நான் வந்த அன்று உம்மாவும் ராத்தாவும் இருக்கும்போது மாமாவுக்கு வீடியோக் கோல் எடுத்தேன். மாமா தோஹாவில் நான் தங்கப்போகிற அறையைக் காட்டினார். கட்டிலைக் காட்டினார். ஏசியைக் காட்டினார். அவர் காட்டி முடிக்கும்வரை இருந்துவிட்டு, "மாமா, நான் வரல்ல" என்றேன்.

மாமாவின் முகம் அப்படியே நின்றுவிட்டது. வாய் பாதி திறந்தபடி. நான் பயந்துபோனேன். பார்த்தால் இணைப்புப் போயிருக்கிறது. திரும்ப எடுத்து, முதலிலிருந்து திரும்பச் சொல்ல வேண்டி வந்தது. இரண்டாம் தரம் லேசாக இருந்தது, மச்சான். "என்னத்துக்கு?" என்று கேட்டார். கோமாரியில் லைட்டு, மோட்டர், மின்விசிறி பார்க்க ஒருவர் இல்லை, எல்லோரும் பொத்துவிலுக்குத்தான் தூக்கிக்கொண்டு போகிறார்கள், கேதீஸ்வரி அக்காவின் கடைக்குப் பக்கத்தில் ஒரு சின்ன இடம் இருக்கிறது, வேலை தொடங்கிவிட்டேன் என்றேன். மாமா ஏசினார். நன்றாக ஏசினார். நான் கேட்டுக்கொண்டிருந்தேன். அவர் களைத்ததும், "அப்ப அந்தக் கட்டில நான் வேற ஆளுக்குக் குடுக்கட்டா?" என்றார். "குடுங்க மாமா" என்றேன்.

உம்மா ஒன்றும் சொல்லவில்லை. அடுத்த நாளும் சொல்லவில்லை. சூட்கேசிலிருந்து கருவாட்டை எடுத்து வெளியே வைத்தார். என் சேட்டுகளில் மணம் ஏறிவிட்டது, அதைத் தோய்த்தார். சோறு போட்டார், முகம் பார்க்கவில்லை. ராத்தா இடையில் வந்து, "உம்மா, அவன் களவெடுக்கவா போறான்" என்றா. உம்மா சேட்டை உதறிக் கொடியில் போட்டார். கட்டாருக்குப் போகிறேன் என்றாலும் ஏசிவிட்டு அழுதிருப்பார், அது எனக்குப் பழக்கம். இந்தப் பேசாமை பழக்கமில்லை. திரும்பவும் "சரி உம்மா, போறன்" என்று சொல்ல வாய்க்குள் வந்துவிட்டது. எழும்பிப் பள்ளிக்குத் தொழப் போய்விட்டேன்.

இன்று காலை பஸ்ஸுக்கு வெளிக்கிட்டேன். படலையடியில் உம்மா ஒரு உரச் சாக்கோடு நின்றார். தண்ணீரில் அலம்பிக் காயவைத்த சாக்கு. மடித்து நூலால் கட்டியிருந்தார்.

"இஞ்ச தேங்கா விக்கிற விலைக்குக் கறி காச்சேலா. அங்க தோட்டத்தில மலிவாம். வரக்குள்ள கொண்டு வா" என்றார். அவ்வளவுதான். உள்ளே போய்விட்டார்.

இந்தக் கடிதத்தை பஸ் நிலையத்தில் இருந்து எழுதுகிறேன். பொத்துவில் பஸ் இன்னும் வெளிக்கிடவில்லை. வெறும் சாக்கு ஏன் இவ்வளவு பாரம் என்று இப்போதுதான் அவிழ்த்துப் பார்த்தேன். உள்ளே எனக்கு இரண்டு சாரம், ஒரு துவாய், ஒரு தலையணை உறை.

றஸாக்